பேய் பங்களா யார் பெயரில் இருக்கிறது?

‘ஜேன் அயர்’ முடித்தாயிற்று, ‘டிராகுலா’வும் ஆயிற்று, அடுத்து எதை எடுப்பது என்று கேட்கிறவர்களுக்குப் பட்டியல்களுக்கு ஒன்றும் குறைவில்லை. ஆனால் எதைப் புரட்டினாலும் அதே பத்துப் பன்னிரண்டு புத்தகங்கள், அதே காரணங்கள்: மூடுபனி, புயல்மழை, மெழுகுவத்தி, தானாகத் திறந்துகொள்ளும் கதவு. எனக்கும் இதெல்லாம் பிடிக்கும்தான். ஆனால் பனியையும் மெழுகுவத்தியையும் மட்டும் நம்பி இறங்கினால் நாலாவது நாவலிலேயே அலுத்துவிடும்.

நான் இந்தக் கோதிக், விக்டோரிய நாவல்களுக்குள் ஒரே ஒரு கேள்வியோடுதான் நுழைகிறேன். இந்த வீடு யார் பெயரில் இருக்கிறது? மனை வாங்கப் போகிறவர் மூலப்பத்திரத்தையும் வில்லங்கச் சான்றையும் கேட்பதுபோல, நாவலின் முதல் ஐம்பது பக்கங்களில் உயில் எங்கே, வாரிசு யார், இவர் செத்தால் யாருக்கு லாபம் என்று விசாரித்துவிடுவேன். பேய் எங்கிருந்து வரப்போகிறது என்பது பாதி அப்போதே தெரிந்துவிடும். கதையின் சுவை இதனால் குறைவதில்லை, கூடத்தான் செய்கிறது. கீழே உள்ள புத்தகங்களை அந்தக் கேள்வியை வைத்துத்தான் கோத்திருக்கிறேன். மர்மத்தை நம்பி நிற்கும் நாவல்களின் முடிவை உடைக்க மாட்டேன். ‘ஜேன் அயர்’ மாடி ரகசியம் மட்டும் விதிவிலக்கு. அது உலகறிந்த ரகசியம்.

முதலில் கொஞ்சம் சட்டம்

பயப்பட வேண்டாம், சுருக்கமாகவே சொல்கிறேன். 19-ஆம் நூற்றாண்டு இங்கிலாந்தில் கல்யாணமான பெண்ணுக்கு, சட்டத்தைப் பொறுத்தவரை, கணவனைத் தவிர்த்துத் தனி இருப்பு கிடையாது. அவளிடம் இருந்த ரொக்கம், நகை, அவள் சம்பாதிப்பது எல்லாம் கணவனுடையது. நிலம் அவள் பெயரில் இருந்தாலும் அதன் வருமானம் அவன் கையில். அவன் சம்மதிக்காமல் உயில்கூட எழுத முடியாது. வசதியான குடும்பங்கள் கல்யாணத்துக்கு முன்பே வக்கீலை உட்காரவைத்து ஓர் ஒப்பந்தம் எழுதி, பெண்ணின் பணத்தை அறங்காவலர்களிடம் ஒப்படைத்துவிடுவார்கள். வக்கீல் அசந்தாலோ காப்பாளர் அலட்சியமாக இருந்தாலோ அவ்வளவுதான்.

1856-இல் இந்தச் சட்டத்தை மாற்றச் சொல்லி நாடாளுமன்றத்துக்குப் போன மனுவில் எலிசபெத் காஸ்கெல், எலிசபெத் பாரெட் பிரவுனிங், பின்னாளில் ஜார்ஜ் எலியட் ஆகப்போகிற மரியன் எவன்ஸ் ஆகியோர் கையெழுத்துப் போட்டிருந்தார்கள். 1870-இல் வந்த சட்டம் மனைவி சம்பாதித்தது மனைவிக்கே என்றது. 1882-இல்தான் கல்யாணமாகாத பெண்ணைப் போலவே கல்யாணமானவளும் தன் சொத்தைத் தானே வைத்துக்கொள்ளலாம் என்று ஆயிற்று. இந்த இரண்டு வருடங்களையும் மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் தேவைப்படும்.

இன்னொரு விஷயம். வில்கி காலின்ஸ், ஷெரிடன் லெ ஃபானு, ராபர்ட் லூயி ஸ்டீவன்சன், பிராம் ஸ்டோக்கர் என்று விக்டோரிய காலத்தில் நம்மைப் பயமுறுத்திய நால்வரும் சட்டம் முடித்து வக்கீலாகப் பதிவு செய்துகொண்டவர்கள். நால்வரும் அந்தத் தொழிலை நடத்தவில்லை. டிக்கன்ஸ் 15 வயதில் ஒரு வக்கீல் அலுவலகத்தில் குமாஸ்தாவாகச் சேர்ந்தவர், பிறகு நீதிமன்ற நடவடிக்கைகளைச் சுருக்கெழுத்தில் எடுத்தவர். இவர்களுடைய பேய்கள் பத்திரக்கட்டுக்குள் குடியிருப்பதில் ஆச்சரியம் என்ன?

ஆரம்ப காலம்: கோட்டைகள்

ஹோரஸ் வால்போல் எழுதிய ‘தி காஸில் ஆஃப் ஒட்ரான்டோ’வைத்தான் முதல் கோதிக் நாவல் என்பார்கள். 1764 கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள் வெளியானது. பழைய இத்தாலியச் சுவடி ஒன்றின் மொழிபெயர்ப்பு என்று புளுகிக்கொண்டுதான் வந்தது. விற்பனை சூடுபிடித்ததும் இரண்டாம் பதிப்பில் வால்போல் தானே எழுதியதாக ஒத்துக்கொண்டார். கல்யாண நாளன்று வானத்திலிருந்து ஒரு ராட்சத இரும்புத் தலைக்கவசம் விழுந்து மாப்பிள்ளை நசுங்கிச் சாகிறான். கதை இப்படித்தான் தொடங்குகிறது. இன்று படித்தால் பயம் வராது, சிரிப்புத்தான் வரும். ஆனால் அடியில் ஓடுவது தாத்தா காலத்தில் அபகரித்த கோட்டை, உண்மையான வாரிசு யார் என்கிற கேள்வி. நூறு பக்கம்தான். வரலாற்றுக்காக ஒரு மாலையில் படித்து வைத்துவிடலாம்.

ஆன் ராட்கிளிஃபின் ‘தி மிஸ்டரீஸ் ஆஃப் உடால்ஃபோ’ (1794) வேறு ரகம். நாலு தொகுதி. பதிப்பாளர் 500 பவுண்டு கொடுத்து வாங்கினார், அந்தக் காலத்து நாவலுக்கு அது பெரிய தொகை. இத்தாலிய மலைக்கோட்டையில் எமிலி என்கிற பெண் அடைபட்டிருக்கிறாள். கறுப்புத் திரைக்குப் பின்னால் என்ன இருக்கிறது என்று வாசகரைப் பல நூறு பக்கம் இழுத்தடிப்பார் ராட்கிளிஃப். ஆனால் வில்லன் மோன்டோனி கேட்பதெல்லாம் ஒன்றுதான்: கையெழுத்து. முதலில் எமிலியின் அத்தையிடம், பிறகு எமிலியிடம். நிலத்தை எழுதிக்கொடு, விட்டுவிடுகிறேன் என்கிறான். இயற்கை வர்ணனைகள் பொறுமையைச் சோதிக்கும். மலையும் மாலை வெயிலும் வந்தால் பக்கத்தைத் தள்ளிவிடுங்கள், குற்றமில்லை.

இதைப் படித்த கையோடு ஜேன் ஆஸ்டினின் ‘நார்த்தாங்கர் அபி’யை எடுக்க வேண்டும். ஆஸ்டின் இறந்த பிறகு, 1817 டிசம்பரில் வெளியானது. உடால்ஃபோ பைத்தியம் பிடித்த காதரின் என்கிற பெண் ஒரு பழைய மாளிகைக்கு விருந்தாளியாகப் போகிறாள். ராத்திரி அலமாரியில் ஒரு காகிதச்சுருள் கிடைக்கிறது. விடிந்ததும் பார்த்தால் அது சலவைக் கணக்கு. எல்லோரும் இந்த நகைச்சுவையைச் சொல்லிச் சிரிப்பார்கள். எனக்குப் பிடித்தது அதன் பிறகு நடப்பது. காதரினுக்குப் பெரிய சொத்து வரும் என்று நினைத்து அவளைத் தாங்கு தாங்கென்று தாங்கிய வீட்டுக்காரர் ஜெனரல் டில்னி, அவளிடம் பணம் இல்லை என்று தெரிந்ததும் துணைக்குக்கூட ஆள் அனுப்பாமல் வீட்டைவிட்டுத் துரத்துகிறார். அந்த மாளிகையில் பேய் இல்லை. பேயைவிட மோசமான கணக்குப்பிள்ளை ஒருவர் இருக்கிறார்.

பிராண்டி சகோதரிகள்

ஹாவொர்த்தில் பிராண்டி குடும்பம் இருந்த வீடு தேவாலயத்துக்குச் சொந்தமானது. அப்பா பாதிரியார். அவர் கண்ணை மூடினால் பெண்கள் வீட்டைக் காலி செய்ய வேண்டும். கடைசியில் ஆறு பிள்ளைகளும் அவருக்கு முன்னால் போய்ச் சேர்ந்தார்கள் என்பது வேறு சோகம். ஆனால் இந்த அச்சத்தோடு வளர்ந்தவர்கள் எழுதியவை என்று தெரிந்து படித்தால் அந்த நாவல்களில் வீடு ஏன் அவ்வளவு பெரிய விஷயமாக இருக்கிறது என்று புரியும்.

எமிலியின் ‘வுதரிங் ஹைட்ஸ்’ (1847) உலகின் மாபெரும் காதல் கதை என்று சொல்லி விற்கப்படுகிறது. அப்படி நம்பி வந்தவர்களில் பாதிப்பேர் நடுவில் ஓடிவிடுகிறார்கள். ஒரு நிலமோசடிக் கதையாக எடுத்துப் பாருங்கள். வாடகைக்கு வந்த ஒருவர் வீட்டுக்காரரைப் பார்க்கப் போவதில்தான் நாவல் தொடங்குகிறது. அந்த வீட்டுக்காரர் ஹீத்கிளிஃப், ஒரு காலத்தில் தெருவிலிருந்து தூக்கிவந்து வளர்த்த அநாதைப் பையன். அவமானப்படுத்திய இரண்டு குடும்பங்களின் இரண்டு வீடுகளையும் அவன் எப்படிக் கைப்பற்றினான்? ஒன்றைச் சூதாட்டக் கடனுக்கு அடமானம் பிடித்து, மற்றொன்றைக் கல்யாணத்தின் வழியாக. சி.பி. சாங்கர் என்கிற வழக்கறிஞர் இந்த நாவலின் சட்ட நுணுக்கங்களையும் தேதிகளையும் ஒவ்வொன்றாகச் சரிபார்த்து 1926-இல் ஒரு சின்ன ஆய்வு வெளியிட்டார். எமிலி எல்லாவற்றையும் மிகத் துல்லியமாகக் கட்டியிருக்கிறார் என்பது அவர் கண்டது. வெறி பிடித்த காதலுக்குள் இப்படி ஒரு கணக்கு இருப்பதுதான் இந்த நாவலின் பயங்கரம்.

சார்லட்டின் ‘ஜேன் அயர்’ அதே வருடம், இரண்டு மாதம் முன்பு வந்தது. மாடியில் அடைத்துவைத்திருக்கும் முதல் மனைவி பெர்த்தா 30,000 பவுண்டு சீதனத்தோடு ஜமைக்காவிலிருந்து வந்தவள். அந்தப் பணம் கணவர் ராச்செஸ்டருடையதாகிவிட்டது. அவளை விவாகரத்து செய்யவும் வழியில்லை. மனநோயைக் காரணம் காட்டி இங்கிலாந்தில் விவாகரத்து கேட்க 1937 வரை காத்திருக்க வேண்டும். ஜேனுக்கு மதீரா தீவிலிருந்த சித்தப்பாவின் சொத்து 20,000 பவுண்டு வருகிறது. அவள் அதை நாலு பங்காக்கி, மூன்று பங்கை உறவினர்களுக்குக் கொடுத்துவிட்டு, தன் காலில் நிற்கும் பெண்ணாகத்தான் ராச்செஸ்டரிடம் திரும்பிப் போகிறாள். அன்றைய சட்டப்படி, தனி ஒப்பந்தம் இல்லையென்றால், கல்யாணமான மறுகணம் அவளுடைய அந்த 5,000 பவுண்டும் அவர் கைக்குப் போயிருக்கும். நாவல் அந்தக் கணக்குக்குள் போவதில்லை.

இதையொட்டி ஒரு கொசுறு. இரண்டாம் பதிப்பைச் சார்லட் தன் அபிமான எழுத்தாளர் தாக்கரேவுக்குக் காணிக்கையாக்கினார். தாக்கரேயின் மனைவி மனநோயாளி என்பது சார்லட்டுக்குத் தெரியாது. தாக்கரே வீட்டுக் கவர்னஸ்தான் இந்த நாவலை எழுதியவர் என்று லண்டன் முழுக்க வதந்தி பரவிவிட்டது.

மூன்றாவது சகோதரி ஆனைப் பலரும் தாண்டிப் போய்விடுகிறார்கள். ‘தி டெனன்ட் ஆஃப் வைல்ட்ஃபெல் ஹால்’ (1848) இந்தப் பட்டியலில் நான் அழுத்திச் சொல்லும் புத்தகங்களில் ஒன்று. குடிகாரக் கணவனிடமிருந்து மகனைத் தூக்கிக்கொண்டு ஓடிவந்த ஹெலன், பாழடைந்த ஒரு மாளிகையில் பொய்ப்பெயரில் குடியிருந்து, படம் வரைந்து பிழைக்கிறாள். அவள் விற்கும் படமும் சட்டப்படி கணவனுடையது, அவள் கையைப் பிடித்து நடக்கும் மகனும் கணவனுடையவன். ஆன் இறந்த பிறகு இதன் மறுபதிப்பைச் சார்லட்டே விரும்பவில்லை. பாழடைந்த மாளிகை, மர்மப் பெண், ஊர்வம்பு என்று எல்லாக் கோதிக் சாமான்களும் உண்டு. பேய்க்கு மட்டும் வேலையே இல்லை.

காலின்ஸும் லெ ஃபானுவும்

1858-இல் எழுத்தாளரும் அரசியல்வாதியுமான புல்வர்-லிட்டன், தன்னைத் தேர்தல் மேடையில் வைத்து வசைபாடிய மனைவி ரோஸினாவைப் பைத்தியம் என்று சொல்லி மனநலக் காப்பகத்தில் அடைத்தார். இரண்டு மருத்துவர்களின் சான்றும் உறவினர் ஒருவரின் கையெழுத்தும் இருந்தால் போதும், யாரையும் தனியார் காப்பகத்துக்கு அனுப்பிவிடலாம். ஊர் கொதித்தெழுந்ததும் சில வாரங்களில் அவரை வெளியே விட்டார்கள்.

மறுவருடம் நவம்பரில் டிக்கன்ஸின் ‘ஆல் தி இயர் ரவுண்ட்’ வார இதழில் காலின்ஸின் ‘தி வுமன் இன் வைட்’ தொடங்கியது. நடுநிசியில், லண்டன் புறநகர்ச் சாலையில், வெள்ளை உடுத்திய பெண் ஒருத்தி ஓவிய ஆசிரியர் வால்டரின் தோளைத் தொடுகிறாள். அதிலிருந்து 40 வாரம் லண்டன் இந்தத் தொடரைப் பற்றியே பேசியது. இதன் பெயரில் வாசனைத் திரவியம், மேலங்கி, தொப்பி எல்லாம் கடைக்கு வந்தன. சாட்சிகள் ஒருவர்பின் ஒருவராகக் கூண்டேறி வாக்குமூலம் தருவதுபோலக் கதையைக் கட்டியிருக்கிறார். குண்டான உடம்பும் வெள்ளெலிக் கூண்டுமாக வரும் கவுன்ட் ஃபாஸ்கோவைப் போல ஒரு வில்லன் அதற்கு முன்னும் இல்லை, பின்னும் அபூர்வம். அவருக்குச் சரிசமமாக நிற்கும் மரியன் ஹால்கோம்பை நீங்கள் மறக்கவே மாட்டீர்கள்.

இதில் கில்மோர் என்கிற குடும்ப வக்கீலின் பகுதி ஒன்று வரும். கதாநாயகி லாராவின் கல்யாண ஒப்பந்தம், அவளுடைய 20,000 பவுண்டு, அவள் பிள்ளையில்லாமல் இறந்தால் அது யாருக்குப் போகும் என்கிற ஷரத்து. முதல்முறை படிப்பவர்கள் இதை வறட்டு விவரம் என்று தாவிவிடுவார்கள். தாவாதீர்கள். லாராவின் காப்பாளரான சித்தப்பா, தலைவலிக்கிறது தொந்தரவு செய்யாதே என்று சொல்லி அந்த ஷரத்துக்குச் சம்மதிக்கும் இடம்தான் என்னைப் பொறுத்தவரை நாவலின் மிகப் பயங்கரமான காட்சி. பின்னால் நடக்கும் அத்தனை கொடுமையும் அங்கேயே முடிவாகிவிடுகிறது.

காலின்ஸின் ‘நோ நேம்’ (1862) அதிகம் பேசப்படாதது. அப்பா அம்மா இருவரும் திடீரென்று இறந்துபோக, இரண்டு பெண்கள் ஓர் உண்மையைக் கண்டுபிடிக்கிறார்கள். பெற்றோர் சட்டப்படி கல்யாணம் செய்துகொண்டதே சில மாதங்களுக்கு முன்புதான். கல்யாணம் நடந்தால் அதற்கு முன் எழுதிய உயில் செல்லாது. கல்யாணத்துக்கு முன் பிறந்த பிள்ளைகளுக்கு வாரிசுரிமை கிடையாது. பாசத்தில் செய்துகொண்ட கல்யாணமே பெண்களை நடுத்தெருவில் நிறுத்திவிடுகிறது. இளையவள் மக்டலென் சொத்தைத் திரும்பப் பறிக்கக் கிளம்புகிறாள், நேர்வழியில் அல்ல. காலின்ஸ் கடைசிவரை கல்யாணமே செய்துகொள்ளாமல் இரண்டு பெண்களோடு இரண்டு குடும்பம் நடத்தியவர், தன் உயிலில் இரண்டு பக்கத்துக்கும் பங்கு வைத்தவர். இந்த நாவலை எழுத அவரைவிடத் தகுந்த ஆள் யார்?

‘தி மூன்ஸ்டோன்’ (1868) நம் பக்கத்துக் கதையும்கூட. 1799-இல் ஸ்ரீரங்கப்பட்டணம் வீழ்ந்து திப்பு சுல்தான் கொல்லப்பட்டபோது, ஒரு பிரிட்டிஷ் அதிகாரி கொலை செய்து திருடிய வைரம் உயிலின் வழியாக யார்க்‌ஷயர் பெண் ஒருத்தியின் பிறந்தநாள் பரிசாக வருகிறது. அன்று ராத்திரியே காணாமல் போகிறது. மூன்று பிராமணர்கள் அதைத் தேடி அலைகிறார்கள். ஆங்கிலத் துப்பறியும் நாவலுக்கு முன்னோடி என்று இதைக் கொண்டாடுவார்கள், நியாயம்தான். ஆனால் வைரத்தை யார் திருடினார் என்று ஊரே துப்பறியும்போது, அது முதலிலேயே திருட்டுச் சொத்துதானே என்ற கேள்வியைக் காலின்ஸ் முதல் பக்கத்திலேயே போட்டுவிட்டார். 1868-இல் ஓர் ஆங்கிலேயர் அதைக் கேட்டதற்காகவே படிக்கலாம்.

அடுத்து டப்ளின்காரர் லெ ஃபானு. ‘அங்கிள் சைலஸ்’ (1864) அசல் கோதிக். மாட் ரதின் என்கிற பணக்கார வீட்டுப் பெண்ணின் அப்பா இறக்கிறார். கொலைப்பழி சுமந்த தன் தம்பி சைலஸின் மேல் நம்பிக்கை இருக்கிறது என்று உலகத்துக்குக் காட்ட, மகளை அவரிடமே ஒப்படைத்து உயில் எழுதி வைத்திருக்கிறார். அவள் வயதுக்கு வரும் முன்பு இறந்தால் சொத்து முழுவதும் சைலஸுக்கு. மானத்துக்காக ஒரு மனிதர் எழுதிய உயில் மகளின் கழுத்துக்குக் கத்தியாகிறது. இதில் வரும் கவர்னஸ் மதாம் த லா ரூஜியேரை நினைத்தால் எனக்கு இன்னும் முதுகு சில்லிடும். லெ ஃபானுவின் ‘கார்மில்லா’வையும் (1872) விட்டுவிடாதீர்கள். டிராகுலாவுக்கு 25 வருடம் மூத்த ரத்தக்காட்டேரி, அதுவும் பெண். ஒரே மூச்சில் படித்துவிடலாம்.

டிக்கன்ஸும் ஒரு பென்னிக் கதைகளும்

டிக்கன்ஸில் ஒன்றே ஒன்று என்றால் ‘பிளீக் ஹவுஸ்’ (1852-53). சான்சரி நீதிமன்றத்தில் தலைமுறை தலைமுறையாக நடக்கும் ஒரு சொத்து வழக்கு அதில் சம்பந்தப்பட்ட எல்லோரையும் தின்றுகொண்டே இருக்கிறது. 1844-இல் ‘எ கிறிஸ்துமஸ் கரோல்’ கதையைத் திருடி அச்சிட்டவர்கள்மேல் டிக்கன்ஸ் இதே சான்சரி நீதிமன்றத்தில் வழக்குப் போட்டார். ஜெயித்தார். எதிராளிகள் திவாலாகிவிட, செலவு முழுக்க அவர் தலையில் விழுந்தது. அந்த எரிச்சல் நாவல் முழுக்கத் தகிக்கிறது. இங்கே பேய்வீடு என்பது நீதிமன்றமேதான். முதல் நூறு பக்கம் பாத்திரங்கள் குவிந்து திணறடிக்கும். தாண்டிவிட்டால் விடாது.

அதே காலத்தில் டிக்கன்ஸைவிட மலிவாக விற்றவர் ஜி.டபிள்யூ.எம். ரெயினால்ட்ஸ். அவருடைய ‘தி மிஸ்டரீஸ் ஆஃப் லண்டன்’ 1844 முதல் வாரம் ஒரு பென்னிக்கு வந்தது. இங்கிலாந்து அவரை மறந்துவிட்டது, இந்தியா மறக்கவில்லை. தமிழில் ஆரணி குப்புசாமி முதலியார் போன்றவர்கள் அவர் கதைகளைத் தழுவி எழுதிக் குவித்தார்கள். தனித்தமிழ் மறைமலையடிகளே ரெயினால்ட்ஸின் ‘லெய்லா’வைத் தழுவித்தான் ‘குமுதவல்லி அல்லது நாகநாட்டரசி’யை எழுதினார். விக்டோரிய நாவல் என்றால் நம் கொள்ளுத்தாத்தாக்களுக்கு டிக்கன்ஸைவிட ரெயினால்ட்ஸ்தான் நெருக்கம். ஆர்வமிருந்தால் ஒரு பத்து அத்தியாயம் புரட்டிப் பாருங்கள். அதற்குமேல் நான் வற்புறுத்த மாட்டேன்.

1882-க்குப் பிறகு

சட்டம் மாறிய பிறகு என்ன ஆகிறது என்பதுதான் எனக்குச் சுவாரசியமான இடம். சொத்துக்காக ஒரு பெண்ணைப் பூட்டிவைக்கும் கணவனும் சித்தப்பாவும் பின்னுக்குப் போகிறார்கள். பயம் வேறு வாசல் வழியாக உள்ளே வருகிறது. ஆனால் வாசலில் வக்கீல் இன்னும் நிற்கிறார்.

ஸ்டீவன்சனின் ‘டாக்டர் ஜெகில் அண்ட் மிஸ்டர் ஹைட்’ (1886) ஒரு வக்கீலின் கண்வழியாகத்தான் நகர்கிறது. அட்டர்சனை உறங்கவிடாமல் செய்வது ஓர் உயில். ஜெகில் மூன்று மாதத்துக்கு மேல் காணாமல் போனால்கூடச் சொத்தெல்லாம் ஹைடுக்கு என்று அதில் எழுதியிருக்கிறது. எந்த வக்கீலுக்குத்தான் தூக்கம் வரும்? முடிவு தெரியும் என்று இதைத் தள்ளிவைக்காதீர்கள். தெரிந்தபின் படித்தால்தான் ஸ்டீவன்சனின் கைவேலை தெரியும்.

‘டிராகுலா’வைப் (1897) படித்தவர்கள் இந்தக் கண்ணோடு முதல் நாலு அத்தியாயங்களைத் திரும்பப் படியுங்கள். ஜோனதன் ஹார்க்கர் திரான்சில்வேனியாவுக்குப் போவது எதற்கு? லண்டனுக்குக் கிழக்கே பர்ஃப்ளீட்டில் ஒரு பழைய வீட்டை விற்க. ரத்தம் குடிக்கும் பிரபு ராத்திரி முழுக்க உட்கார்ந்து ஆங்கிலேயச் சொத்துச் சட்டத்தில் சந்தேகம் கேட்கிறார், ஒரே ஆள் இரண்டு வக்கீல் வைத்துக்கொள்ளலாமா என்கிறார். முன்பு கோட்டைக்குள் போய் மாட்டிக்கொண்டது பெண். இப்போது கோட்டைக்காரனே முறைப்படி பத்திரம் முடித்துக்கொண்டு நம் ஊருக்குள் குடிவருகிறான். அவனை எதிர்த்து நிற்பதில் பெரும்பங்கு தட்டச்சும் சுருக்கெழுத்தும் தெரிந்த மினாவுடையது.

இந்தச் சாவிக்குத் திறக்காதவை

எல்லாவற்றையும் உயிலுக்குள் அடைக்க முடியாது. மேரி ஷெல்லியின் ‘ஃபிராங்கன்ஸ்டைன்’ (1818) அப்படி ஒன்று. 1815-இல் தம்போரா எரிமலை வெடித்ததால் மறுவருடம் ஐரோப்பாவில் கோடை வராமல் போக, ஜெனீவா ஏரிக்கரையில் வீட்டுக்குள் முடங்கியிருந்த 18 வயதுப் பெண்ணின் தலையில் உதித்த கதை. தமிழில் புதுமைப்பித்தன் ‘பிரேத மனிதன்’ என்று கொண்டுவந்திருக்கிறார். ஆங்கிலத்துக்கு முன் அதைத் தொட்டுப்பார்க்கலாம், காஞ்சனையை எழுதியவர் இதை ஏன் எடுத்தார் என்று யோசிக்கவும் வாய்ப்பு. ஹென்றி ஜேம்ஸின் ‘தி டர்ன் ஆஃப் தி ஸ்க்ரூ’ (1898) பேய் உண்டா இல்லையா என்று இன்றுவரை சண்டைபோட வைக்கிறது. எலிசபெத் காஸ்கெலின் ‘தி ஓல்ட் நர்ஸஸ் ஸ்டோரி’ (1852) பனியில் அழைக்கும் குழந்தையின் கதை, ஒரு மணி நேரத்தில் முடிந்துவிடும், ராத்திரி படிக்க வேண்டாம்.

நூற்றாண்டு தாண்டி

டாஃப்னி டு மோரியேயின் ‘ரெபெக்கா’ (1938) ‘ஜேன் அயர்’ ரசிகர்களுக்கு இயல்பான அடுத்த படி. பெயரே இல்லாத இரண்டாம் மனைவி, எங்கு திரும்பினாலும் முதல் மனைவியின் கையெழுத்து. மாண்டர்லி மாளிகைக்கு உந்துதலாக இருந்த கார்ன்வாலின் மெனபிலி வீட்டில் டு மோரியே பிற்பாடு இருபத்தைந்து வருடத்துக்கு மேல் குத்தகைக்குக் குடியிருந்தார். அது ஒருபோதும் அவர் சொத்தாகவில்லை, குத்தகை முடிந்ததும் வெளியேற வேண்டியிருந்தது.

ஜீன் ரீஸின் ‘வைட் சர்காசோ சீ’ (1966) மாடியில் அடைபட்டவளின் தரப்பு. டொமினிக்காவில் பிறந்த ரீஸ், 1939-க்குப் பிறகு நாவல் எதுவும் வெளியிடாமல் மறக்கப்பட்டிருந்து, இதோடு திரும்பி வந்தார். பெண்ணின் பெயரில் எந்தப் பாதுகாப்பும் எழுதாமல் 30,000 பவுண்டையும் மாப்பிள்ளை கையில் கொடுத்த கல்யாணம் அது என்பதை ரீஸ் அழுத்திக் காட்டுகிறார். ‘ஜேன் அயர்’ படித்தவர் இதைப் படிக்காமல் இருப்பது ஒரு தரப்பு வாதத்தை மட்டும் கேட்டுத் தீர்ப்புச் சொல்வது.

ஷெர்லி ஜாக்ஸனின் ‘தி ஹாண்டிங் ஆஃப் ஹில் ஹவுஸ்’ (1959) அமெரிக்காவில் நடப்பது. எலினருக்குத் தனக்கென்று வீடு கிடையாது, அக்காவோடு பாதிப் பங்காக ஒரு கார் மட்டும். அதைக் கேட்காமல் எடுத்துக்கொண்டுதான் பேய்வீட்டுக்கு வருகிறாள். சாரா வாட்டர்ஸில் இரண்டு: ‘ஃபிங்கர்ஸ்மித்’ (2002), பணக்காரப் பெண்ணைக் கல்யாணம் செய்து காப்பகத்தில் தள்ளிவிடும் சதிக்கு வேலைக்காரியாகப் போகும் திருட்டுப் பெண்ணின் கதை. பணக்காரியின் பெயர் மாட், லெ ஃபானுவுக்கு வைத்த வணக்கம் என்றே எனக்குத் தோன்றுகிறது. மற்றது ‘தி லிட்டில் ஸ்ட்ரேஞ்சர்’ (2009). போருக்குப் பிந்தைய இங்கிலாந்தில் இடிந்துவரும் ஜமீன் வீடு, தாய் ஒரு காலத்தில் வேலை பார்த்த அந்த வீட்டின் மேல் கண்வைத்திருக்கும் டாக்டர்.

எங்கே தொடங்குவது?

‘ரெபெக்கா’வுக்கு முன் சொன்ன ஆங்கில நாவல்கள் எல்லாம் குட்டன்பர்க் தளத்தில் இலவசமாகக் கிடைக்கும். கேட்கப் பிடிக்குமென்றால் லிப்ரிவாக்ஸ். காசு கொடுத்து வாங்குவதானால் ஆக்ஸ்ஃபர்டு அல்லது பெங்குவின் கிளாசிக்ஸ் பதிப்பாகப் பாருங்கள், சட்ட நுணுக்கங்களுக்குப் பின்குறிப்பு இருக்கும். ஓர் எச்சரிக்கை: முன்னுரைகள் முடிவைக் கூச்சமில்லாமல் போட்டு உடைக்கும், கடைசியில் படியுங்கள்.

இந்த ரகத்துக்கே புதியவர் என்றால் ‘கார்மில்லா’, ‘ஜெகில்’, ‘டர்ன் ஆஃப் தி ஸ்க்ரூ’. மூன்றும் சின்னவை. பிடித்துப்போனால் ‘அங்கிள் சைலஸ்’, அதன்பின் ‘தி வுமன் இன் வைட்’. அதைத் தொடராக வந்தபடியே நாளுக்குக் கொஞ்சமாகப் படியுங்கள், ஒவ்வொரு வாரத்தையும் காலின்ஸ் எங்கே நிறுத்தினார் என்று பார்ப்பதே தனிச் சுகம். பிராண்டிகளை ஏற்கெனவே முடித்தவர்கள் ஆனின் ‘டெனன்ட்’டையும் ரீஸையும் அடுத்தடுத்து எடுக்கலாம். தடித்த புத்தகத்துக்கு அஞ்சாதவர்கள் நேராக ‘பிளீக் ஹவுஸ்’.

எதை எடுத்தாலும் முதல் அத்தியாயத்திலேயே வக்கீல் யார் என்று பார்த்து வையுங்கள். வீட்டில் பேய் இருக்கிறது என்று வேலைக்காரர்கள் சொல்வதை நம்பலாம், நம்பாமலும் போகலாம். காப்பாளர் கையெழுத்துப் போட்டுவிட்டார் என்று வக்கீல் சொன்னால் மட்டும் அந்தப் பெண்ணுக்காக உடனே பயப்படத் தொடங்கிவிடுங்கள்.